வானியலை விட்டுச் சென்றாரா கிரெத்தியன்?

தமிழின் முதல் சினிமாஸ்கோப் படம் 1973ல் வெளிவந்த 'ராஜராஜ சோழன்' என்பதைத் திரைப்பட ஆர்வலர்கள் பலர் அறிவர். லடாக்கில், கடல் மட்டத்திலிருந்து சுமார் 4,500 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஹான்லேயில் 2000ஆம் ஆண்டு முதல் ஒளியைப் பெற்ற இமாலய சந்திரா தொலைநோக்கியை வானியல் ஆர்வலர்கள் அறிவர். முன்னதன் அகன்ற திரைக்கு வழிவகுத்த லென்சு முறையும், பின்னதன் 2 மீட்டர் ஆடிக்கு உரிய வடிவமும் ஒரே மனிதரின் பெயரோடு சேர்ந்தவை என்பதை அறிந்தவர்கள் மிகச் சிலரே. அவர் பெயர் ஆன்ரி கிரெத்தியன். பிரெஞ்சுக்காரர், 1879ல் பாரிசில் பிறந்து 1956ல் வாஷிங்டனில் மறைந்தவர்.

இந்த அறியாமைக்கு வாசகர்களைக் குறை சொல்ல முடியாது. தொலைநோக்கிகளின் வரலாற்றை எழுதுவோர் கிரெத்தியனை ஒரு சமன்பாடாக மட்டுமே காட்டுகிறார்கள். திரைப்பட வரலாற்றை எழுதுவோருக்கோ அவர், ஹாலிவுட்டின் பெருமுதலாளிகள் தேடி வந்து கண்டெடுத்த முதிய பேராசிரியர். இரண்டையும் சேர்த்து எழுதும் ஒரு சிலரும் 'வானியலாளராகத் தொடங்கினார், பின்னர் ஒளியியல் பொறிஞராக மாறினார்' என்று ஒரே வாக்கியத்தில் பாலம் கட்டிவிட்டு அடுத்த செய்திக்குப் போய்விடுகிறார்கள். அந்த 'மாறினார்' என்ற சொல்லைத்தான் இக்கட்டுரை விசாரிக்க விரும்புகிறது. வானத்தைப் பார்ப்பது உயர்ந்த விஞ்ஞானம், கண்ணாடியைத் தேய்ப்பது அதற்கு அடுத்த படி, சினிமாவுக்கு லென்சு செய்வது அதற்கும் கீழே என்ற ஒரு படிக்கட்டு அச்சொல்லுக்குள் ஒளிந்திருக்கிறது. கல்லூரியில் எந்தப் பிரிவை எடுப்பது என்று யோசித்துக்கொண்டிருக்கும் மாணவர்கள் இப்படிப்பட்ட வாழ்க்கைக் குறிப்புகளைப் படிக்கிறார்கள் என்பதால் இது வெறும் சொல்லாராய்ச்சி அன்று.

முதலில் அவர் வானியலில் என்ன செய்தார் என்று பார்ப்போம். பிரான்சின் தென்கடற்கரையில் உள்ள நீஸ் நகரின் வானாய்வகத்தில் கிரெத்தியன் பணியாற்றினார். 1910ஐ ஒட்டி அமெரிக்கா சென்று, கலிபோர்னியாவில் உள்ள மவுண்ட் வில்சன் ஆய்வகத்தில் ஜார்ஜ் வில்லிஸ் ரிச்சி என்பவரோடு பழகினார். ரிச்சி, ஆடி தேய்ப்பதில் அக்காலத்தில் இணையற்றவர். 1908ல் அங்கு நிறுவப்பட்ட 60 அங்குலத் தொலைநோக்கியின் ஆடி அவர் கைவேலை. ஆனால் தாம் செய்த ஆடியிலேயே அவருக்கு ஒரு குறை தெரிந்தது.

அக்குறையைப் புரிந்துகொள்வது கடினமன்று. தொலைநோக்கியின் குழியாடி பரவளைய வடிவில் இருந்தால், நேர் எதிரே உள்ள விண்மீனின் ஒளி முழுவதும் ஒரே புள்ளியில் குவியும். பள்ளிப் பாடநூலும் இதைச் சொல்லும். ஆனால் அதோடு நிறுத்திக்கொள்ளும். பார்வைப் புலத்தின் நடுவிலிருந்து சற்று விலகிய விண்மீனின் பிம்பம் புள்ளியாக இராது. ஒரு பக்கம் வால் முளைத்து, குட்டி வால்மீன் போலத் தோன்றும். இதற்குக் கோமா என்று பெயர். எவ்வளவு பெரிய வால்? ஆடியின் விட்டத்தைப் போல ஐந்து மடங்கு குவியத் தூரம் உள்ள ஒரு பரவளைய ஆடியை எடுத்துக்கொள்ளுங்கள். நடுவிலிருந்து 10 கலை, அதாவது முழு நிலவின் விட்டத்தில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு விலகினாலே, வாலின் நீளம் சுமார் நாலரை விகலை ஆகிவிடும். நல்ல இரவில் மலையுச்சியில் விண்மீனின் பிம்பம் ஒரு விகலை அளவில் இருக்கும் என்பதை நினைத்தால், இந்த வாலின் கொடுமை விளங்கும். பல லட்சம் செலவிட்டுப் பெரிய ஆடி செய்து, அதன் நடுப்பகுதியை மட்டுமே நம்ப முடிகிற நிலை அது.

தொலைநோக்கியில் இரண்டு ஆடிகள் உண்டு: கீழே பெரியது, மேலே சிறியது. இரண்டையும் சற்றே கூடுதலாகக் குழிவும் குவிவும் கொண்ட அதிபரவளைய வடிவங்களாகச் செய்தால், ஒன்றன் பிழையை மற்றொன்று ஈடுசெய்து, கோளப் பிறழ்ச்சியும் கோமாவும் ஒருங்கே மறையும் என்பது கிரெத்தியன் போட்ட கணக்கு. இக்கணக்கை அவர் 1922ல்தான் விரிவாக வெளியிட்டார். ரிச்சி-கிரெத்தியன் தொலைநோக்கி என்று இன்று உலகெங்கும் வழங்குவது இதுவே. இந்தப் பெயரைக் கவனியுங்கள். கையால் செய்தவர் பெயர் முன்னே, கணக்குப் போட்டவர் பெயர் பின்னே. விஞ்ஞானத்தில் இது அரிதாகக் காணும் வரிசை. எனக்கு அது நியாயமாகவும் படுகிறது.

இங்கே ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். இரண்டு ஆடிகளைக் கொண்டு இவ்விரு பிழைகளையும் நீக்கலாம் என்ற கொள்கையை ஜெர்மானிய வானியலாளர் கார்ல் சுவார்ட்சுசைல்டு 1905லேயே வகுத்துவிட்டார். கிரெத்தியன் எதையும் வெறும் வெளியிலிருந்து படைக்கவில்லை. சுவார்ட்சுசைல்டின் தீர்வு கட்டுவதற்கு வசதியற்ற அமைப்பாக இருந்தது. கட்டத்தக்க அமைப்புக்கு எண்களைக் கண்டுபிடித்துத் தந்தது கிரெத்தியன். 'கண்டுபிடித்தவர்' என்ற பட்டத்தை ஒருவர் தலையில் மட்டும் சூட்டும் நம் வழக்கத்துக்கு இது இடைஞ்சலாக இருக்கலாம். உண்மை அப்படித்தான் இருக்கிறது.

ஆக, வானியலாளர் கிரெத்தியனின் தலையாய வேலை எது? புதிய விண்மீனா, வால்மீனா? இல்லை. ஆடியின் வளைவு. அவர் நீஸ் வானாய்வகத்தில் சம்பளம் வாங்கிய நாளிலேயே ஒளியியல் பொறிஞராகத்தான் சிந்தித்தார். பிறகு எங்கே மாறினார்?

இந்த ஆடிகளுக்கு நேர்ந்த கதியைத் தனியே சொல்ல வேண்டும். மவுண்ட் வில்சனின் அடுத்த பெரிய தொலைநோக்கி 100 அங்குல விட்டம் உடையது, 1917ல் முடிந்தது. அதைப் புதிய முறையில் செய்ய வேண்டும் என்று ரிச்சி வற்புறுத்தினார். ஆய்வகத்தின் தலைவர் ஜார்ஜ் எல்லரி ஹேல் இணங்கவில்லை, பரவளையமே தேய்க்கப்பட்டது. இருவருக்கும் இடையே பகை முற்றி, 1919ல் ரிச்சி வேலையிலிருந்து நீக்கப்பட்டார். பின்னர் பிரான்சுக்குச் சென்று, கிரெத்தியனின் கணக்கைக் கொண்டு அரை மீட்டர் விட்டமுள்ள முதல் தொலைநோக்கியை 1927ல் செய்து காட்டினார். 1930களில் அமெரிக்கக் கடற்படை வானாய்வகத்துக்காக 1 மீட்டர் கருவி ஒன்றைச் செய்தார். அதோடு சரி. 1948ல் திறக்கப்பட்ட பலோமர் மலையின் 200 அங்குல ராட்சதத் தொலைநோக்கிகூடப் பழைய பரவளையமே. பெரிய கருவிகள் கிரெத்தியனின் கணக்குக்கு வந்து சேர்ந்தது அவர் மறைந்த பிறகுதான். கிட் பீக் மலையின் 4 மீட்டர், ஹவாயின் 10 மீட்டர் கெக், விண்ணில் சுற்றும் 2.4 மீட்டர் ஹபிள், நம் ஹான்லே என எல்லாம் அதன் பின்வந்தவை.

ஹேலை வில்லனாக்கி எழுதுவது எளிது. பலர் அப்படித்தான் எழுதுகிறார்கள். நான் அதில் சேர மாட்டேன். பரவளையத்தைச் சோதிப்பதற்கு ஒரு நல்ல தட்டையாடி போதும். அதிபரவளையத்தைச் சோதிக்க வேண்டுமானால் அதற்கென்று தனியே ஒரு துணைக் கருவி வேண்டும். அத்துணைக் கருவியே தவறாக இருந்தால் ஆடியும் தவறாகும். 1990 ஏப்ரலில் ஏவப்பட்ட ஹபிள் தொலைநோக்கிக்கு நடந்தது இதுவே. சோதனைக் கருவியில் ஒரு லென்சு 1.3 மில்லிமீட்டர் இடம் தவறிப் பொருத்தப்பட்டிருந்தது. அதை நம்பித் தேய்த்ததால் ஆடியின் விளிம்பு சுமார் 2 மைக்ரான் அளவு கூடுதலாகத் தட்டையாயிற்று. மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு. அந்தச் சிறு பிழையால் பிம்பம் மங்கிப் போய், 1993 டிசம்பரில் விண்வெளி வீரர்கள் சென்று திருத்தும் ஒளியியல் கருவிகளைப் பொருத்தும்வரை அத்தொலைநோக்கி குறைப் பார்வையோடு இருந்தது. கிரெத்தியனின் கணக்கில் பிழை இல்லை. ஆனால் அக்கணக்கு, செய்பவரிடம் எவ்வளவு கண்டிப்பை எதிர்பார்க்கிறது என்பதை ஹேல் உணர்ந்திருந்தார் என்றே எண்ணத் தோன்றுகிறது.

இனி, படிக்கட்டின் கீழ்ப்படி என்று சொல்லப்படும் பகுதிக்கு வருவோம்.

முதல் உலகப் போரில் பிரான்சு கற்ற பாடங்களில் ஒன்று, நல்ல ஒளியியல் கருவிகளுக்கு ஜெர்மனியை நம்பியிருந்தது ஆபத்து என்பது. போர்க் காலத்தில் ராணுவ விமானத் துறைக்காக உழைத்த கிரெத்தியன், போர் முடிந்ததும் பாரிசில் தொடங்கிய ஒளியியல் கல்வி நிறுவனத்தில் பேராசிரியரானார். லென்சு வடிவமைக்கும் பொறிஞர்களை உருவாக்குவதே அதன் நோக்கம். ஒளியியல் சேர்க்கைகளைக் கணக்கிடும் முறை பற்றி அவர் எழுதிய பாடநூல் அங்கு நடத்திய பாடங்களிலிருந்து பிறந்தது. கணிப்பொறி இல்லாத காலம். ஒரு கதிர் எந்தப் பரப்பில் எவ்வளவு விலகுகிறது என்பதை மடக்கை அட்டவணையை வைத்துக்கொண்டு, பரப்புக்குப் பரப்பு, கையால் போட வேண்டும். இந்தப் பகுதியை வாழ்க்கை வரலாறுகள் இரண்டு வரியில் முடித்துவிடுகின்றன. ஒருவர் பல ஆண்டுகள் வகுப்பில் நின்று ஒரு நாட்டுக்கு ஒரு தொழிலைக் கற்றுக் கொடுத்தது, ஒரு காப்புரிமையைவிடச் சிறிய செய்தியா?

1927ல் ஆபெல் கான்சு என்ற இயக்குநர் தமது 'நெப்போலியன்' படத்தின் சில காட்சிகளை மூன்று காமிராக்களில் எடுத்து, மூன்று திரைகளில் ஒருசேரக் காட்டினார். பிரமாண்டம்தான், ஆனால் மூன்று கருவிகளையும் ஒத்திசைத்து ஓட்டுவது பெரும்பாடு. கிரெத்தியன் கேட்ட கேள்வி எளியது: ஒரே காமிரா, ஒரே படச்சுருள் கொண்டு இதே அகலத்தைப் பெற முடியாதா?

ஒரு கண்ணாடித் தம்ளரில் நீர் நிரப்பி, இந்தப் பக்கத்தின் எழுத்துக்களுக்கு மிக அருகில் நிறுத்தி, அதன் வழியாகப் படித்துப் பாருங்கள். எழுத்துக்கள் பக்கவாட்டில் அகலும், உயரம் மாறாது. உருளை வடிவ லென்சின் இயல்பு இது: ஒரு திசையில் மட்டும் வேலை செய்யும். ஒரு குழிவு உருளையும் ஒரு குவிவு உருளையும் தக்க இடைவெளியில் அமைத்துக் காமிராவின் முன்னே பொருத்தினால், காட்சியின் அகலம் பாதியாக நெருக்கப்பட்டு வழக்கமான படச்சுருளுக்குள் அடங்கிவிடும். அச்சுருளில் மனிதர்கள் எல்லாரும் ஒடிசலாக, ஊசிக் கம்பம் போல் நிற்பார்கள். திரையிடும்போது அதே போன்ற லென்சைப் படவீழ்த்தியின் முன்னே வைத்தால் அகலம் இரு மடங்காக விரிந்து, மனிதர்கள் மறுபடி மனிதர்கள் ஆவார்கள். இதற்கு அவர் இட்ட பெயர் ஹைப்பர்கோனார். இதிலும் அவர் முதல்வர் அல்லர். பால் ருடால்ஃப் என்ற ஜெர்மானியர் இத்தகைய லென்சுக்கு 19ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே உரிமை பெற்றிருந்தார். சினிமாவுக்குப் பயன்படும்படி அமைத்துக் காட்டியவர் கிரெத்தியன்.

இரண்டு வேலைகளையும் அருகருகே வைத்துப் பாருங்கள். தொலைநோக்கியில், ஓர் ஆடி தரும் பிழையை மற்றோர் ஆடியின் எதிர்ப் பிழையால் அழித்தார். சினிமாவில், வேண்டுமென்றே ஒரு பெரும் பிழையைப் புகுத்தி, பின்னர் எதிர்ப் பிழையால் அதை அழித்தார். புலத்தின் ஓரம் வரை படம் கெடாமல் கிடைக்க வேண்டும் என்பதே இரண்டிலும் கேள்வி. ஒரே மூளையின் ஒரே பழக்கம்! இரண்டு வரலாறுகளையும் தனித்தனிப் புத்தகங்களில் எழுதுவோருக்கு இது கண்ணில் படுவதற்கே வழியில்லை.

இந்த ஒற்றுமையைக் கண்டு நான் அவரைப் புகழ்ந்துகொண்டே போகப் போவதில்லை. ஹைப்பர்கோனாரில் ஒரு குறை இருந்தது. அது வானியலாளரின் குறை என்பது என் கருத்து. லென்சைச் சற்று ஆராய்ந்தால், அது ஒரு திசையில் மட்டும் செயல்படும் கலிலியோ தொலைநோக்கியே என்பது தெரியும். தொலைநோக்கி முடிவிலியில் இருக்கும் பொருளுக்காகப் பிறந்தது. விண்மீனுக்கும் மலைத்தொடருக்கும் குதிரைப் படைக்கும் அந்த லென்சு மிகச் சரியாக இரண்டு மடங்கு நெருக்கியது. ஆனால் நடிகையின் முகம் ஐந்தடி தூரத்தில் வந்தால்? கிட்டத்தில் உள்ள பொருளுக்கு நெருக்கும் அளவு குறைந்துவிடும். படவீழ்த்தியோ எப்போதும் போல இரண்டு மடங்கு விரிக்கும். விளைவு, முகம் உப்பித் தெரியும். ஹாலிவுட்காரர்கள் இதற்கு வைத்த பெயரைத் தமிழில் சொன்னால் 'பொன்னுக்குவீங்கி'. விண்மீனுக்கு முகம் இல்லை என்பதால் வானியலாளருக்கு இக்கவலை எழாது. 1950களின் இறுதியில் பானவிஷன் நிறுவனம், எதிரெதிராகச் சுழலும் உருளை லென்சுகளைச் சேர்த்து இந்நோயைத் தீர்த்தது.

முதன்முதலில் ஹைப்பர்கோனாரைப் பயன்படுத்தியவர் குளோடு ஓட்டான்-லாரா என்ற இளம் இயக்குநர். ஜாக் லண்டனின் பனிப்பிரதேசக் கதை ஒன்றைக் குறும்படமாக எடுத்து 1930ல் பாரிசில் காட்டினார். அகலப்படத்தோடு நில்லாமல், லென்சைத் தொண்ணூறு பாகை திருப்பி உயரப்படங்களையும் எடுத்தார். ஆனால் அப்போது பேசும்படம் வந்துவிட்டது. திரையரங்குகள் ஒலிபெருக்கிக்குச் செலவிட்ட நிலையில் புதிய லென்சுக்குப் பணம் ஏது? 1937 பாரிசு உலகக் கண்காட்சியில் சுமார் 60 மீட்டர் அகலமான திரையில் அந்த லென்சு மறுபடி ஒளிர்ந்தது, மறுபடி மறக்கப்பட்டது.

பிறகு வந்தது தொலைக்காட்சி. வீட்டிலேயே படம் பார்க்கத் தொடங்கிய அமெரிக்கர்களைத் திரையரங்குக்குத் திரும்ப இழுக்க வேண்டிய நெருக்கடியில், டுவென்டியத் செஞ்சுரி ஃபாக்ஸ் நிறுவனத்தின் தலைவர் ஸ்பைரோஸ் ஸ்கூரஸ் 1952 டிசம்பரில் கிரெத்தியனை நாடினார். காப்புரிமைக் காலம் அதற்குள் முடிந்திருந்தது. ஃபாக்ஸ் விலை கொடுத்து வாங்கியது அவரிடம் இருந்த லென்சுகளையும் அவர் அறிவையுமே. 1953 செப்டம்பரில் வெளியான முதல் சினிமாஸ்கோப் படமான 'தி ரோப்', கிரெத்தியனின் அந்தப் பழைய லென்சுகளைக் கொண்டே எடுக்கப்பட்டது. அதற்குப் பின்னரே பாஷ் அண்டு லோம் நிறுவனம் புதியவற்றை உருவாக்கித் தந்தது. மறு ஆண்டு ஆஸ்கார் விழாவில், ஃபாக்ஸ் நிறுவனப் பொறிஞர்கள் ஐவரோடு சேர்த்து கிரெத்தியனுக்கும் தொழில்நுட்பப் பரிசு வழங்கப்பட்டது. அவருக்கு அப்போது வயது 75. இந்தியாவுக்கு 1959ல் 'காகஸ் கே பூல்' என்ற இந்திப் படத்தோடு இம்முறை வந்தது. தமிழுக்கு மேலும் பதினான்கு ஆண்டுகள் கழித்து.

கிழவரை ஹாலிவுட் 'கண்டுபிடித்தது' என்று முடியும் இக்கதை படிக்கச் சுவையானது. அதிலும் ஓர் அநீதி இருக்கிறது. கால் நூற்றாண்டுக்கு முன்பே கருவி தயார். அதை வாங்கத்தான் ஆள் இல்லை. தொலைநோக்கியின் கதையும் அவ்வாறே. இரண்டிலும் கணக்கு முதலில் வந்தது. பணமும் தேவையும் பிறகு வந்தன. அந்த இடைக்காலத்தைத் 'தோல்வி' என்று எழுதும் நூல்களை நம்பி மாணவர்கள் தங்கள் வேலையை அளக்கக் கூடாது. இன்னொன்றும் உண்டு: வானியல் படித்தவன் சினிமாவுக்குப் போனதால் வானியலுக்கு நட்டம் என்று வாதிடுவோர், அவர் வானியலிலேயே இருந்திருந்தால் தேய்க்கப்படாத ஆடிகளுக்காகக் காத்திருந்திருப்பார் என்பதை மறந்துவிடுகிறார்கள்.

அவரது மூன்றாவது பெரிய வேலையைப் பற்றித் தொலைநோக்கி நூல்களிலும் சினிமா நூல்களிலும் சொல் ஒன்றும் காண்பதரிது. 1920களில் அவர் 'கத்தஃபோத்' என்ற பிரதிபலிப்பானுக்கு உரிமை பெற்றார். இரவுச் சாலையில் உங்கள் வண்டியின் வெளிச்சம் பட்டதும் பளிச்சென்று மின்னும் குமிழ்களையும், மிதிவண்டியின் பின்னால் சிவப்பாக மின்னும் வட்டத்தையும் பார்த்திருப்பீர்கள். அவற்றின் குடும்பத்தில் இது மூத்தது. சாதாரண ஆடியில் சாய்வாகப் படும் ஒளி வேறு பக்கம் தெறித்து ஓடும். இதில் எந்தப் பக்கத்திலிருந்து ஒளி வந்தாலும், வந்த வழியே திரும்பி, வண்டி ஓட்டுபவரின் கண்ணுக்கே போய்ச் சேரும். அதன் அமைப்பும் எளியதே: முன்புறம் ஒரு லென்சு, பின்புறம் ஓர் ஆடி.